மணல் ஏற்றிய வாகனம் அகப்பட்டால்: சட்டக் கேள்வி பதில்

கடந்த இதழில் காணி உறுதிகள் பற்றிய கேள்விகளுக்குப் பதில் எழுதி முடித்தபோது, அடுத்த தடவை ஆற்று மணல் பற்றிய கடிதங்களை எடுத்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தேன். கிண்ணியா, மூதூர், தம்பலகாமம், ஈச்சிலம்பற்று என்று, மகாவலியோடும் அதன் கிளையான வெருகலாற்றோடும் பிழைப்புக் கலந்த ஊர்களிலிருந்தே அவற்றுள் பெரும்பாலானவை வந்திருக்கின்றன. ஒரே விடயத்தைக் கேட்ட கடிதங்களை ஒன்றாக்கி, எழுதியவர்களின் பெயர்களைத் தவிர்த்து, ஊரை மட்டும் குறித்திருக்கிறேன்.

கேள்வி (கிண்ணியா): என்னிடம் ஒரு டிப்பர் இருக்கிறது. மூன்று வருடங்களாக ஒரு சாரதியை வைத்து ஓட்டுவிக்கிறேன். சென்ற மாதம் ஒரு நாள், பகலில் ஒரு லோட்டுக்கு எடுத்த பெர்மிட்டையே கையில் வைத்துக்கொண்டு, இரவில் இரண்டாவது லோட்டும் ஏற்றி வந்தபோது பொலிஸார் பிடித்துவிட்டனர். சாரதி முதல் தவணையிலேயே குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணத்தைக் கட்டிவிட்டார். வாகனத்தைப் பற்றி விசாரிக்க நீதிமன்றம் வேறொரு தவணை கொடுத்திருக்கிறது. அன்றிரவு நான் வீட்டில் இருந்தேன். எனக்கு எதுவும் தெரியாது. கள்ள மண் ஏற்றக் கூடாது என்று பல தடவை வாயால் சொல்லியும் இருக்கிறேன். குற்றம் செய்தவரே தண்டம் கட்டிய பிறகு என் வாகனத்தைப் பறிக்க முடியுமா, ஐயா?

பதில்: முடியும். சாரதி கட்டிய தண்டப்பணம் சாரதியின் குற்றத்துக்கு உரியது. வாகனத்தின் கதை அதனோடு முடிவதில்லை. உங்களைப் பொறுத்தவரை உண்மையான வழக்கு இனிமேல்தான் தொடங்குகிறது.

முதலில் சட்டம் எங்கே நிற்கிறது என்பதைப் பார்ப்போம். 1992 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்க சுரங்கங்கள், கனிப்பொருட்கள் சட்டத்தின்படி, கனிப்பொருளைத் தோண்டி எடுப்பதற்கு மட்டுமன்றி, அதைக் கொண்டு செல்வதற்கும், பதப்படுத்துவதற்கும், விற்பதற்கும், ஏற்றுமதி செய்வதற்கும் அனுமதிப்பத்திரம் வேண்டும். மணலும் இச்சட்டத்தில் ஒரு கனிப்பொருளே. அனுமதிப்பத்திரத்தை வழங்கும் நிறுவனம் புவிச்சரிதவியல் அளவை, சுரங்கப் பணியகம். ஆற்றில் மணல் எடுப்பவரிடம் இருக்கும் அகழ்வு அனுமதிப்பத்திரம் ஒன்று, வாகனத்தில் இருக்க வேண்டிய போக்குவரத்து அனுமதிப்பத்திரம் வேறொன்று. ‘அள்ளுகிறவரிடம் பெர்மிட் இருக்கிறது, எனக்கு என்ன?’ என்று சாரதிமார் சொல்வதைப் பல தடவை கேட்டிருக்கிறேன். அந்தப் பதிலால் ஒரு வாகனமேனும் தப்பியதை நான் கண்டதில்லை.

போக்குவரத்து அனுமதிப்பத்திரம் என்பது ஒரு வாகனத்துக்கு நிரந்தரமாகக் கொடுக்கப்படும் உரிமை அன்று. குறித்த இலக்கமுடைய வாகனம், குறித்த இடத்தில் ஏற்றிய, குறித்த அளவு மணலை, குறித்த திகதியிலும் நேரத்திலும், குறித்த இடத்துக்குக் கொண்டு செல்வதற்கான தாள் அது. அந்தப் பயணம் முடிந்ததும் தாளின் உயிரும் முடிந்துவிடுகிறது. கந்தளாய்க்கு என்று எழுதிய தாளோடு கிண்ணியாவிலிருந்து மூதூர்ப் பக்கம் போகும் டிப்பரும், மூன்று கியூப் என்று எழுதிய தாளோடு பெட்டியின் விளிம்பில் பலகை வைத்து உயர்த்தி நான்கு கியூப் ஏற்றிய டிப்பரும், சட்டத்தின் கண்ணில் தாளே இல்லாத டிப்பருக்கு வெகு தூரத்தில் இல்லை. நம்மிடையே கியூப் என்று சொல்லப்படுவது 100 கன அடி. பெட்டியின் நீள, அகல, உயரத்தை ஓர் அளவு நாடாவால் அளந்து அதைக் கணக்கிட இரண்டு நிமிடங்கூட எடுக்காது, பொலிஸாரும் அப்படித்தான் அளக்கின்றனர். உங்கள் சாரதி செய்தது இதனிலும் வெளிப்படையானது. பகல் பயணத்தின் தாளை இரவுப் பயணத்துக்குக் காட்டியிருக்கிறார்.

இனி வாகனத்துக்கு வருவோம். இச்சட்டத்தின் கீழ் ஒருவர் குற்றவாளியாகக் காணப்பட்டால், குற்றத்துக்குப் பயன்பட்ட வாகனத்தையும் உபகரணங்களையும் பறிமுதல் செய்யக் கட்டளையிடும் அதிகாரம் நீதவானுக்கு உண்டு. எனினும், குற்றஞ்சாட்டப்படாத உரிமையாளர் ஒருவரின் சொத்தை அவரைக் கேளாமல் பறிக்கலாகாது என்பது நம் நாட்டில் நிலைபெற்ற நெறி. 1987 இல் நம் நாட்டின் அதியுயர் நீதிமன்றமான உயர் நீதிமன்றம் மனவடு எதிர் சட்டமா அதிபர் என்ற வழக்கில், அனுமதியின்றி மரம் ஏற்றிய லொறி ஒன்றைப் பற்றி இதைத்தான் தீர்மானித்தது. அது வனக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வந்த வழக்கு. அச்சட்டத்தின் 40 ஆம் பிரிவில் வாகனம் பறிமுதலாகும் என்று கண்டிப்பாகச் சொல்லப்பட்டிருந்தபோதிலும், உரிமையாளருக்குத் தன் நிலையைச் சொல்ல வாய்ப்பளிக்க வேண்டும் என்றும், தன் அறிவோ பங்கோ இன்றிக் குற்றம் நடந்தது என்று அவர் நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தினால் வாகனத்தை இழக்க வேண்டியதில்லை என்றும் நீதிமன்றம் கூறியது. உங்களுக்குக் கிடைத்திருக்கும் தவணை இந்த நெறியின் வழி வந்த தவணைதான். அதைச் சிலர் வெறும் சடங்காக நினைத்துக்கொண்டு, சட்டத்தரணி இல்லாமல், வாகனப் பதிவுப் புத்தகத்தின் நிழற்படப் பிரதி ஒன்றோடு மட்டும் போய் நிற்கின்றனர். அங்கே சாட்சியம் அளிப்பவர் நீங்கள், நிரூபிக்கும் சுமையும் உங்களுடையதே. அரச தரப்பு குற்றத்தை நிரூபிப்பதைப் போல ஐயத்துக்கு இடமின்றி நீங்கள் நிரூபிக்க வேண்டியதில்லை. நடந்திருக்கக்கூடியது இதுவே என்று நீதவான் நம்பும் அளவுக்கு நிரூபித்தால் போதும். ஆனாலும் சுமை சுமைதான்.

‘எனக்குத் தெரியாது’ என்பது அந்தச் சுமையில் பாதி. மீதிப் பாதி, இப்படி நடவாமல் இருக்க நீங்கள் என்ன செய்தீர்கள் என்பது. 2009 ஆம் ஆண்டின் 65 ஆம் இலக்கத் திருத்தத்துக்குப் பிறகு வனக் கட்டளைச் சட்டம் இதை எழுத்திலேயே வைத்துவிட்டது. வாகனம் குற்றத்துக்குப் பயன்படுவதைத் தடுக்கத் தான் எல்லா முன்னெச்சரிக்கைகளையும் எடுத்ததாக உரிமையாளர் நிரூபித்தால் மட்டுமே அது பறிமுதலிலிருந்து தப்பும். உங்கள் வழக்கு வனச் சட்ட வழக்கு அல்ல என்றாலும், குறுக்கு விசாரணையில் உங்களிடம் கேட்கப்படும் கேள்விகள் இதே வழியில்தான் வரும். வாகனம் வழமையாக எத்தனை மணிக்கு வீட்டுக்கு வரும்? அன்று வராதபோது சாரதியை அழைத்தீர்களா? திறப்பு இரவில் யாரிடம் இருக்கும்? லோட்டுக் கணக்கை எந்தக் கொப்பியில் எழுதுகிறீர்கள்? சாரதிக்கு மாதச் சம்பளமா, லோட்டுக்கு இவ்வளவு என்றா?

கடைசிக் கேள்வியைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். லோட்டுக்கு இவ்வளவு என்று கூலி பேசியிருந்தால், இரண்டாவது லோட்டால் சாரதிக்கு மட்டுமன்றி உங்களுக்கும் இலாபம் உண்டு என்பதை எதிர்த் தரப்பு ஒரே வரியில் காட்டிவிடும். வாயால் சொன்னேன் என்பது மட்டும் போதாது என்று மேல் நீதிமன்றங்கள் பல தீர்ப்புகளில் சொல்லிவிட்டன. அந்த வாக்கியத்தை எல்லா உரிமையாளரும் சொல்கின்றனர் என்பதே அதன் பலவீனம். சாரதியோடு எழுதிய உடன்படிக்கை, நாளாந்த ஓட்டப் பதிவு, பழைய அனுமதிப்பத்திரங்களின் பிரதிகளைத் திகதி வாரியாகக் கோத்து வைத்த கோப்பு, வாகனத்தில் பூட்டிய ஜிபிஎஸ் கருவியின் பதிவு, அன்றிரவு நீங்கள் எடுத்த தொலைபேசி அழைப்புகளின் விபரம், சம்பவத்தின் பின் அந்தச் சாரதியை நிறுத்தினீர்களா இல்லையா என்பது ஆகியவையே எடைபோடப்படும். இவற்றில் எது உண்மையாகவே உங்களிடம் இருக்கிறதோ அதை உங்கள் சட்டத்தரணியிடம் இப்போதே கொடுங்கள். இல்லாததைத் தவணைக்கு முதல் நாள் உண்டாக்க நினைக்காதீர்கள். மூன்று வருடம் டிப்பரின் முன்பெட்டியில் கிடந்த தாளில் எண்ணெய்க் கறையும் மடிப்பும் இருக்கும். நேற்றெழுதிய தாள் வெள்ளையாக இருக்கும். நீதவானுக்கும் கண் உண்டு.

கேள்வி (தம்பலகாமம்): உழவு இயந்திரத்தையும் பெட்டியையும் ஒருவரிடமிருந்து ‘ஓபன் பேப்பரில்’ வாங்கினேன். இரண்டு வருடமாகியும் பெயர் மாற்றவில்லை. இப்போது அது மணல் வழக்கில் நிற்கிறது. பழைய உரிமையாளர் நீதிமன்றத்துக்கு வர மறுக்கிறார். வாகனத்தின் மேல் லீசிங்கும் இருக்கிறது. யார் உரிமை கோருவது?

பதில்: உங்களுடைய நிலை கிண்ணியா வாசகரின் நிலையைவிடச் சிக்கலானது. மோட்டார் வாகனச் சட்டப்படி உடைமை மாறியதை 14 நாட்களுக்குள் அறிவித்திருக்க வேண்டும். நம் மாவட்டத்தில், ஏன் நாடு முழுவதிலுமே, கையொப்பமிட்ட வெற்றுப் படிவங்களை மடித்துப் பதிவுப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டு வாகனங்கள் நான்கு கை மாறுவது வழமையாகிவிட்டது. சாதாரண நாளில் அது யாரையும் உறுத்துவதில்லை. வாகனம் வழக்குப் பொருளாகும் நாளில்தான், பதிவில் உள்ளவருக்கு வாகனத்தின் நடமாட்டம் தெரியாது, நடமாட்டம் தெரிந்தவருக்குப் பதிவு இல்லை என்ற நிலை வெளிச்சத்துக்கு வருகிறது. முன்னெச்சரிக்கை எடுத்ததாகச் சாட்சியம் சொல்ல வேண்டியவர் வாகனத்தைத் தன் கட்டுப்பாட்டில் வைத்திருந்தவர், அதாவது நீங்கள். உரிமை கோரத் தகுதியுள்ளவராகப் பதிவில் நிற்பவரோ வேறொருவர்.

ஆகவே பழைய உரிமையாளரை எப்படியாவது அழைத்து வர வேண்டும், அல்லது குறைந்தது விற்பனையை ஒப்புக்கொள்ளும் சத்தியக் கடதாசி ஒன்றையாவது பெற வேண்டும். பணம் கொடுத்ததற்கான வங்கிச் சீட்டு, உங்கள் பெயரில் கட்டிய காப்புறுதி, லீசிங் தவணை செலுத்திய பற்றுச்சீட்டுகள் எல்லாவற்றையும் சேர்த்து எடுங்கள். லீசிங் நிறுவனம் பதிவுப் புத்தகத்தில் முழு உரிமையாளராகக் குறிக்கப்பட்டிருக்கும். ‘வாகனம் எங்களுடையது, குற்றத்தில் எங்களுக்குப் பங்கில்லை’ என்று அந்நிறுவனம் வந்து சொல்வதால் மட்டும் வாகனம் தப்பிவிடும் என்று எண்ண வேண்டாம். நிதி நிறுவனங்களின் இந்த வாதத்தை மேல் நீதிமன்றங்கள் எளிதில் ஏற்றுக்கொள்வதில்லை. வாகனம் பறிபோனாலும் லீசிங் கடன் உங்கள் தலையிலேயே நிற்கும் என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும். இப்படி, இல்லாத உழவு இயந்திரத்துக்கு மாதாமாதம் தவணை கட்டும் இருவரை எனக்கே தெரியும்.

கேள்வி (ஈச்சிலம்பற்று): எங்கள் லொறி எட்டு மாதமாகப் பொலிஸ் நிலைய வளவில் நிற்கிறது. வழக்கு இன்னும் விளக்கத்துக்கே (சாட்சி விசாரணைக்கே) வரவில்லை. அதுவரை தற்காலிகமாகவாவது எடுக்க வழி உண்டா?

பதில்: உண்டு. பொலிஸார் கைப்பற்றிய எந்தப் பொருளையும் தாமதமின்றி நீதவானுக்கு அறிக்கையிட வேண்டும். 1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431 ஆம் பிரிவின் கீழ், அதை வைத்திருக்க உரித்துடையவரிடம் ஒப்படைக்கக் கட்டளையிடும் அதிகாரம் நீதவானுக்கு இருக்கிறது. மணல் வழக்குகளிலும் வாகனத்தின் பெறுமதிக்குப் பிணைமுறி எழுதி, விற்கவோ கைமாற்றவோ உருமாற்றவோ கூடாது, கேட்கும்போது நீதிமன்றில் காட்ட வேண்டும் என்ற நிபந்தனைகளோடு விடுவிப்பதுண்டு. இது உரிமையாகக் கிடைப்பதன்று, நீதவானின் தற்றுணிபைப் பொறுத்தது. முன்னரும் இதே வாகனம் பிடிபட்டிருந்தால் நம்பிக்கை வைக்க வேண்டாம்.

விண்ணப்பம் செய்யும்போது, வாகனம் வெயிலிலும் மழையிலும் நின்று கெடுகிறது என்று பொதுவாக எழுதுவதோடு நிறுத்திவிடாதீர்கள். சென்ற மாரிக்குப் பிறகு ஒரு கட்சிக்காரருக்காக நான் பார்க்கப் போன வளவில், டிப்பர் ஒன்றின் பின்சில்லுகள் நான்கும் காற்றிறங்கி மண்ணுக்குள் அச்சு வரை புதைந்திருந்தன. பெட்டிக்குள் பிடிபட்ட அன்றைய மணலே இன்னும் இருந்தது, அதன் மேல் முழங்கால் உயரத்துக்குப் புல் முளைத்திருந்தது. பற்றரி இருந்த இடத்தில் இரண்டு வயர்த் துண்டுகள் தொங்கின. அதைப் படமெடுத்து, கைப்பற்றிய அன்று எழுதிய வாகன நிலைக் குறிப்போடு ஒப்பிட்டு மனுவில் இணைத்தோம். நீண்ட சமர்ப்பணத்தைவிட அந்தப் படங்களே அன்று பேசின. நீங்களும் இரண்டையும் கேட்டுப் பெறுங்கள். கைப்பற்றும்போது வாகனத்தில் என்னென்ன இருந்தன என்று எழுதப்பட்ட குறிப்பின் பிரதி இல்லாமல், பின்னர் காணாமற்போன எதையும் நிரூபிக்க இயலாது.

கேள்வி (திருகோணமலை நகர்): யூடியூபில் ஒரு வழக்கறிஞர், மணல் வண்டியைக் கனிம வளத் துறைக்கு அபராதம் கட்டி மீட்கலாம் என்றும், நீதிமன்றம் வாகனத்தைப் பொலிஸ் நிலையத்தில் நீண்ட நாள் வைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது என்றும் விளக்கினார். அதை மூதூர் நீதிமன்றத்தில் காட்டலாமா?

பதில்: அவர் சொன்னது சரியாகத்தான் இருக்கும், ஆனால் அது இந்தியச் சட்டம். மொழி ஒன்றாக இருப்பதால் நம்மவர்கள் பலர் தமிழ்நாட்டு விளக்கங்களைக் கேட்டுவிட்டு இங்கே வந்து தடுமாறுகின்றனர். அங்கே 1957 ஆம் ஆண்டின் சுரங்கங்கள், கனிமங்கள் (மேம்பாடு, ஒழுங்குமுறை) சட்டத்தின் 21 ஆம் பிரிவு வாகனத்தைக் கைப்பற்றவும் நீதிமன்றக் கட்டளையால் பறிமுதல் செய்யவும் இடமளிக்கிறது. 23ஏ பிரிவு, பணம் செலுத்திக் குற்றத்தை இணக்கமாகத் தீர்க்கவும் வழி வைக்கிறது. அவர் குறிப்பிட்ட தீர்ப்பு 2002 இல் வந்த சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்காக இருக்க வேண்டும். அந்த நாட்டிலேயே, 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தலில் பிடிபட்ட வாகனங்களை உரிமையாளரிடம் திருப்பிக் கொடுக்கக் கூடாது என்று கடுமையாகக் கட்டளையிட்டது. ஆக, அங்கும் ஒரே குரல் இல்லை.

நம் நீதிமன்றங்கள் இந்தியத் தீர்ப்புகளை மரியாதையோடு கேட்பதுண்டு. ஆனால் இங்குள்ள சட்டத்தின் வாசகம் வேறாக இருக்கும் இடத்தில் அவை உதவா. ‘கனிம வளத் துறை’ என்றும் ‘வட்டாட்சியர்’ என்றும் எழுதிய மனு மாதிரியை இணையத்திலிருந்து எடுத்து அப்படியே தட்டச்சுச் செய்து கொண்டு வந்த ஒருவரை நான் பார்த்திருக்கிறேன். திருகோணமலையில் வட்டாட்சியர் எங்கே இருக்கிறார் என்று எழுதுவினைஞர் கேட்டபோது அவரிடம் பதில் இல்லை.

கேள்வி (மூதூர்): மணல் ஏற்ற இப்போது பெர்மிட் தேவையில்லை என்று அரசாங்கம் சொன்னதாக எங்கள் ஊரில் பலர் இன்றும் சொல்கின்றனர். உண்மையா?

பதில்: அது 2019 டிசம்பரின் கதை. அப்போது மணல், மண் முதலியவற்றைக் கொண்டு செல்ல அனுமதிப்பத்திரம் வேண்டியதில்லை என்று அரசாங்கம் அறிவித்தது உண்மை. அந்த நாட்களிலும் ஆற்றில் அள்ளுவதற்கான அனுமதிப்பத்திரம் நீக்கப்படவில்லை என்பதைப் பலர் கவனிக்கவில்லை. ஆறுகளின் நிலையைக் காட்டிச் சூழலியலாளர் நீதிமன்றம் சென்றனர், அந்த ஏற்பாடும் நிலைக்கவில்லை. சட்டத்தின் வாசகத்தில் ‘கொண்டு செல்லல்’ என்ற சொல் இருக்கும் வரை, ஓர் அறிவிப்பை நம்பி வண்டியை வீதியில் இறக்குவது வாகனத்தைப் பணயம் வைப்பதாகும்.

கேள்வி (மூதூர், மற்றொரு வாசகர்): என் வயல் ஆற்றோரத்தில் உள்ளது. வெள்ளம் வடிந்த பிறகு வயலின் ஓரத்தில், ஆற்றுப் படுகையில், மணல் மேடாக நிற்கிறது. சொந்த வீட்டு வேலைக்கு இரண்டு பெட்டி எடுத்தால் என்ன?

பதில்: உங்கள் உறுதியில் எல்லை ‘ஆறு’ என்று எழுதியிருந்தால், காணி ஆற்றோடு முடிகிறது. படுகை அரசாங்கத்துக்குரியது. கனிப்பொருளின் உடைமையும் குடியரசுக்கே உரியது என்று சட்டம் சொல்கிறது. மணல் உங்கள் வயலைத் தொட்டுக்கொண்டு நிற்பதால் அது உங்களுடையதாகிவிடாது. பிரதேச செயலகத்திலும் பணியகத்திலும் கேட்டு எழுத்தில் பெற்ற பிறகே பெட்டியைப் பூட்டுங்கள். கொட்டியாரக் குடாவில் மகாவலி கலக்கும் பக்கத்தில் உங்கள் வயல் இருந்தால் இன்னொரு சட்டமும் குறுக்கிடும். 1981 ஆம் ஆண்டின் கரையோரப் பாதுகாப்புச் சட்டம் கரையோர வலயத்தைக் கடலிலிருந்து 300 மீற்றர் என்று வகுத்தாலும், கடலோடு இணைந்த ஆற்றிலும் களப்பிலும் அதை முகத்துவாரத்திலிருந்து 2 கிலோமீற்றர் வரை உள்ளே கொண்டு செல்கிறது. காட்டு ஒதுக்கிடத்தில் எடுத்தால் வனச் சட்டம் வரும், அதன் கடுமையை மேலே சொல்லியிருக்கிறேன். எந்தச் சட்டத்தின் கீழ் வழக்குப் போடப்பட்டிருக்கிறது என்பதைக் குற்றப்பத்திரத்தில் முதலில் பாருங்கள். வாகனம் தப்புமா இல்லையா என்பது பெரும்பாலும் அந்த ஒரு வரியில் தங்கியிருக்கிறது.

கேள்வி (உவர்மலை): வீடு கட்ட மூன்று கியூப் மணல் வாங்கினேன். மணலைப் பறித்து இறக்கிவிட்டுப் போனவரின் பெயர்கூடத் தெரியாது. இதனால் எனக்கு ஏதும் வருமா?

பதில்: வரலாம். களவெடுத்த பொருள் என்று அறிந்தோ, அறிய நியாயம் இருந்தோ அதை வைத்திருப்பது தண்டனைச் சட்டக்கோவையின் கீழ் குற்றம். சந்தை விலையிலிருந்து வெகுவாகக் குறைத்து, நள்ளிரவில், வாகனத்தின் விளக்கை அணைத்துவிட்டு முற்றத்தில் பறிக்கும் மணலைப் பற்றி ‘எனக்கு அறிய நியாயம் இல்லை’ என்று சொல்வது கடினம். அடுத்த தடவை, பறிப்பதற்கு முன்னரே அனுமதிப்பத்திரத்தைக் கேட்டு வாங்கி, கைத்தொலைபேசியில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். வாகன இலக்கமும் தாளில் உள்ள இலக்கமும் ஒன்றா என்றும் பாருங்கள்.

கேள்வி (கிண்ணியா, கண்டல்காடு): நாங்கள் மண் ஏற்றும் கூலிகள். வாகனமும் எங்களுடையதல்ல, மண்ணும் எங்களுடையதல்ல. பிடித்தால் எங்களையும் கொண்டு போகிறார்கள். முதலாளி ‘குற்றத்தை ஒப்புக்கொள், தண்டத்தை நான் கட்டுகிறேன்’ என்கிறார். ஒப்புக்கொள்ளலாமா?

பதில்: அனுமதியற்ற அகழ்வில் கைகொடுத்தவர் என்ற வகையில் கூலியாளும் குற்றஞ்சாட்டப்படலாம். அதைவிட, சில வேளைகளில் பொலிஸார் மணலைப் பொதுச் சொத்தாகக் கொண்டு, 1982 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கப் பொதுச் சொத்துக்கள் மீதான குற்றங்கள் சட்டத்தின் கீழ் முன்னிலைப்படுத்துகின்றனர். அதில் பிணை பெறுவது சாதாரண மணல் வழக்கைப் போல எளிதன்று. ஆகவே எந்தச் சட்டத்தின் கீழ் என்று தெரியாமல், சட்டத்தரணி ஒருவரோடு பேசாமல், முதல் தவணையில் வாய் திறந்து ஒப்புக்கொள்ளாதீர்கள். தண்டப்பணத்தை முதலாளி கட்டலாம், ஆனால் குற்றவாளி என்ற பதிவு உங்கள் பெயரில்தான் விழும். வெளிநாட்டு வேலைக்குப் பொலிஸ் நற்சான்றிதழ் கேட்டுப் போகும் நாளில் முதலாளி உங்களோடு வரமாட்டார். இன்னொன்றையும் கவனியுங்கள். உங்கள் ஒப்புதலே வாகனப் பறிமுதல் விசாரணைக்குக் கதவைத் திறக்கிறது என்பதால், முதலாளியின் ஆலோசனை அவருக்கே நல்லதா என்பதும் சந்தேகம். வழக்கைச் சுருக்கமாக முடித்தால் லொறி விரைவில் வரும் என்ற நினைப்பில் அவர் இதைச் சொல்கிறார். அப்படி வழக்கு முடிந்த பிறகும் டிப்பரை இழக்கும் ஆபத்தில் நிற்பவரின் கடிதம்தான் இப்பகுதியின் தொடக்கத்தில் இருக்கிறது.

உங்கள் ஊரின் பெயரைக் கண்டதும் 2019 ஜனவரி நினைவுக்கு வந்தது. கண்டல்காட்டில் கடற்படையினர் மணல் அகழ்வைச் சுற்றிவளைத்தபோது ஆற்றில் பாய்ந்த இளைஞர்கள் மூழ்கி இறந்தனர். சட்டப் பகுதியில் எழுத வேண்டியதா என்று யோசித்தேன், எழுதுவது நல்லது என்றே தோன்றுகிறது. சுற்றிவளைப்பு என்றால் இருந்த இடத்தில் நில்லுங்கள். மணல் வழக்கில் பிணை உண்டு, தண்டம் உண்டு, மேன்முறையீடு உண்டு. மணல் அள்ளிய குழி எவ்வளவு ஆழம் என்று உங்களுக்கே தெரியும்.

கேள்வி (சேருவில வீதி, மூதூர்): வாகனத்தைப் பறிமுதல் செய்யும்படி நீதவான் கட்டளையிட்டுவிட்டார். இனி என்ன செய்யலாம்?

பதில்: நாட்களை எண்ணத் தொடங்குங்கள். மேன்முறையீட்டுக்குக் கட்டளை பிறந்த நாளிலிருந்து 14 நாட்களே உண்டு. அந்தக் காலம் தவறினாலும், அரசியலமைப்பின் 154பி (154P) உறுப்புரையின் கீழ் திருகோணமலையில் உள்ள மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனு ஒன்றைத் தாக்கல் செய்யலாம். ஆனால் மேன்முறையீடு செய்யாததற்குக் காரணமும், விதிவிலக்கான சூழ்நிலையும் காட்ட வேண்டியிருக்கும். தாமதித்து வரும் மனுவை நீதிமன்றம் அக்காரணத்துக்காகவே தள்ளலாம். மனுவோடு, வாகனம் ஏலத்தில் விற்கப்படுவதை மனு முடியும் வரை நிறுத்திவைக்கும் இடைக்காலக் கட்டளையையும் சேர்த்துக் கேளுங்கள். ஏலம் நடந்து முடிந்த வாகனத்தைப் பற்றிய வெற்றி வெறும் தாளில்தான் இருக்கும். நீதவான் நீதிமன்ற வழக்கேட்டின் உறுதிப்படுத்திய பிரதி கிடைக்கச் சில நாட்கள் எடுக்கும் என்பதால், கட்டளை வாசிக்கப்பட்ட அன்றே, நீதிமன்ற வளவை விட்டு வெளியே வருவதற்கு முன், பதிவாளர் அலுவலகத்தில் அதற்கான விண்ணப்பத்தைக் கொடுத்துவிடுங்கள்.